பென்டோர்ச் பற்றரியும் ஒரு சமாதான ஒப்பந்தமும்

நாங்கள் நாலு பேர் காசு சேர்த்து வாங்கின பழைய டெப் ஒன்று இருக்கிறது. அதோட வந்த ஸ்டைலஸ் போன மாதம் திடீரென்று எழுத மாட்டேன் என்றுவிட்டது. கண்ணகி வழக்குரை ஏட்டின் படங்களைத் திரையில் போட்டு, மேலே எழுத்துகளை வரைந்து வரைந்து பழைய கையெழுத்தை வாசிக்கப் பழகிக்கொண்டிருந்த நேரம். ஸ்டைலஸுக்கு நல்ல தமிழ் எழுத்தாணிதான். ஏடெழுதின ஆணி எந்தக் காலத்திலும் சார்ஜ் இறங்கி நின்றதில்லை என்று ஒருத்தி பகிடி விட்டாள்.

பின்பக்கத்தைத் திருகிப் பார்த்தால் உள்ளே பீடியை விடக் கொஞ்சம் தடிப்பான ஒரு பற்றரி. நான்கு ஏ சைஸ்: விட்டம் 8.3 மில்லிமீற்றர், நீளம் 42.5. கரடியனாற்றில் இல்லை, செங்கலடியில் இல்லை, மட்டக்களப்பு ரவுணில் கேட்ட கடைகளில் "மூன்று ஏ இருக்கு, அதைக் கொண்டுபோங்க" என்றார்கள். கடைசியில் ஒருத்தன் சொன்னான், சதுரமான 9 வோல்ட் பற்றரியை உடைத்தால் உள்ளே இதே மாதிரி ஆறு இருக்கும் என்று. உண்மைதான், ஒன்றரை வோல்ட் ஆறு சேர்ந்தால்தானே ஒன்பது. ஆனால் எல்லா 9 வோல்ட்டிலும் உருளை இருக்காது, சிலதில் தட்டைத் தட்டையாக அடுக்கியிருக்கும்.

திண்ணையில் இருந்து குறட்டால் தகரத்தைப் பிரித்துக்கொண்டிருக்கும்போது எங்களில் ஒருத்தியின் அம்மம்மா வந்து பார்த்தார். கொஞ்ச நேரம் ஒன்றும் பேசவில்லை. பிறகு சொன்னார்: "இந்தச் சின்னச் சாமானுக்குத்தான் புள்ள, கறுப்புப் பாலத்தில எங்கட பையைக் கொட்டிக் கிண்டினவனுகள்."

நாங்கள் எல்லோரும் 2002க்குப் பிறகு பிறந்தவர்கள். கறுப்புப் பாலம் எங்களுக்கு பஸ் தாண்டிப் போகும் ஒரு பாலம், அவ்வளவுதான். செங்கலடியில் இருந்து பதுளை வீதியில் உள்ளே வரும்போது, 1990களின் பெரும் பகுதியிலும் அதற்குப் பிறகு 2007 வரையிலும், அரச கட்டுப்பாட்டுப் பகுதி முடிகிற இடம் அது. இந்தப் பக்கம் கரடியனாறு புலிகளின் கட்டுப்பாட்டில் இருந்தது. அந்த எல்லையால் சில சாமான்கள் உள்ளே வர முடியாது, சிலது அளவோடு மட்டும்தான் வரலாம். எரிபொருள், சீமெந்து, உரம் என்று போகும் அந்தப் பட்டியலில் பற்றரியும் ஒன்று.

தடைக்கான காரணம் மூடுமந்திரம் இல்லை. கிளைமோரை வெடிக்க வைக்கவும் வோக்கி டோக்கி பேசவும் பற்றரி வேண்டும். அதை நாங்கள் மறைத்து எழுதினால் அது வரலாறு இல்லை. ஆனால் அதே பற்றரிதான் வேளாண்மைக் காவலுக்குப் போகிறவரின் டோர்ச்சுக்குள்ளும் இருந்தது. யானை வரும் ஊர் இது. இருட்டில் வாடிக்கும் வீட்டுக்கும் நடுவில் பாம்பா கயிறா என்று பார்க்க வேறு வெளிச்சம் கிடையாது. ரேடியோவுக்குள் இருந்ததும் அதே பற்றரி. எங்கே ஷெல் விழுந்தது, எந்தப் பாதை பூட்டியிருக்கு என்று அறிய பிபிசி தமிழோசையும் வெரித்தாஸும்தான் வழி. பற்றரி இல்லாத வீடு என்றால் செய்தி இல்லாத வீடு.

இதைக் கேட்ட பிறகுதான் 2002 பெப்ரவரி 22 போர்நிறுத்த ஒப்பந்தத்தைத் தேடி எடுத்து வாசித்தோம். வகுப்பில் அதைப் பற்றிப் படித்திருக்கிறோம், ஆனால் பின்னிணைப்பு வரைக்கும் யார் போகிறார்கள்! 2.6ஆம் பிரிவு, இராணுவம் சாராத பொருட்கள் தடையின்றிப் போய்வரலாம் என்கிறது, பின்னிணைப்பில் உள்ளவை தவிர. அந்தப் பின்னிணைப்பில் வெடிபொருள் இருக்கிறது, தூர இயக்கிக் கருவி இருக்கிறது, முட்கம்பி, தொலைநோக்கி, திசைகாட்டி இருக்கின்றன. அதே வரிசையில் 'பென்லைட் பற்றரி'. எங்கட ஊர்ச் சொல்லில் பென்டோர்ச் பற்றரி, இரண்டு ஏ சைஸ். டீசல், பெற்றோல், சீமெந்து, இரும்புக் கம்பிக்குக் கூட அளவு வைத்து அனுமதி இருந்தது. இதற்கு அதுவும் இல்லை. பிரதமர் ரணில் விக்கிரமசிங்கவும் பிரபாகரனும் கையெழுத்து வைத்து, நோர்வே நடுவில் நின்று செய்த ஒப்பந்தம் அது. அப்படிப்பட்ட சமாதானத்துக்குள்ளும் ஒரு பேனா சைஸ் பற்றரிக்கு இடம் கிடைக்கவில்லை.

அம்மம்மாவுக்குப் பின்னிணைப்பு ஒன்றும் தெரியாது. அவருக்குத் தெரிந்தது இருக்கிற பற்றரியைச் சாகவிடாமல் வைத்திருப்பது. அன்றைக்கு அவர் சொன்னதை ஃபோனில் பதிந்து வைத்திருக்கிறோம், இரண்டு மணித்தியாலம்.

செய்தி முடிந்த உடனே ரேடியோவில் இருந்து பற்றரியைக் கழற்றிவிட வேண்டும். உள்ளே விட்டால் நாகத் தகடு அரித்து, ஊறி, ரேடியோவையும் கெடுத்துவிடும். டோர்ச் பல்ப்தான் அளவுகோல்: வெள்ளையாக எரிந்தால் புதுசு, மஞ்சள் என்றால் பாதி, சிவந்தால் டோர்ச்சுக்கு உதவாது. டோர்ச்சுக்கு உதவாதது ரேடியோவுக்கு உதவும், ரேடியோவில் இரைகிறது மணிக்கூட்டுக்கு உதவும். அதுக்கும் முடியாமல் போனால்தான் வெயில். ஓட்டுக் கூரையில் காயவைத்து எடுத்தால் மறுகா ஒரு செய்திக்குக் காணும். அதுவும் சரிவராவிட்டால் ஆணியால் ஓட்டை போட்டு உப்புத்தண்ணி விடுவார்களாம். செத்த பற்றரி எட்டுப் பத்தை எஸ்லோன் பைப்புக்குள் வரிசையாகத் திணித்து இரண்டு பக்கமும் கம்பி இழுத்ததும் உண்டு. ஒன்றும் இல்லாத நாளில் சைக்கிளைக் கவிழ்த்து வைத்து டைனமோ. ஒருத்தர் பெடலைக் கையால் சுற்ற மற்றவர் காதைக் கிட்ட வைத்துக் கேட்பார். யாழ்ப்பாணத்தாரும் இதே டைனமோக் கதையைச் சொல்லுவார்கள், யார் முதலில் கண்டுபிடித்தது என்ற சண்டைக்கு நாங்கள் வரவில்லை. டைனமோ தருவது ஆடலோட்டம், ரேடியோ கேட்பது நேரோட்டம், அதனால் நடுவில் டயோட் போடத் தெரிந்த ஒரு ரேடியோ திருத்துகிறவர் ஊரில் பெரிய மனிதர்.

இதெல்லாம் கைமருந்து மாதிரிக் கேட்டாலும் உள்ளே விஞ்ஞானம் இருக்கிறது. அந்தப் பற்றரி பிரெஞ்சுக்காரரான லெக்லாஞ்சே 1866இல் செய்த கலத்தின் பேரப்பிள்ளை. அவருடையது போத்தலுக்குள் திரவத்தோடு இருந்தது. ஜெர்மனியில் காசினர் 1886இல் அதைப் பசையாக்கி நாகக் குவளைக்குள் அடைத்தார், அதனால்தான் கையில் தூக்கிக்கொண்டு திரிய முடிந்தது. நடுவில் காபன் கோல், சுற்றிவர மங்கனீசீரொட்சைட்டுக் கறுப்புத்தூள், நனைந்த நவச்சாரம். தொடர்ந்து வேலை வாங்கினால் கோலைச் சுற்றித் தாக்கத்தின் கழிவு தேங்கி மின்னோட்டம் தடைப்படும். ஓய்வு கொடுத்தால் அது கலையும், சூடு கொடுத்தால் இன்னும் கெதியாகக் கலையும். பசை காய்ந்துபோனால் உப்புத்தண்ணி அதைத் திரும்ப நனைக்கும். நாகம் மிச்சம் இருக்கும் வரைக்கும்தான் இந்த வித்தை, புதுச் சக்தி எதுவும் வெயிலில் இருந்து உள்ளே போவதில்லை. ரசாயனப் பெயர் ஒன்றும் தெரியாமலே அவர்கள் அதன் எல்லையைச் சரியாகப் பிடித்திருந்தார்கள்: "ஒரு செய்திக்குக் காணும்."

சரி, ஸ்டைலஸுக்கு வருவோம். அம்மம்மாவின் முறையில் எது இன்றைக்கும் செல்லும், எது செல்லாது என்று பார்க்கப்போய் எங்களுக்கே நிறைய விஷயம் பிடிபட்டது.

கழற்றி வைக்கிற பழக்கம் அப்படியே செல்லும். பற்றரி மாற்றக்கூடிய ஸ்டைலஸை ஒரு மாதம் தொடமாட்டோம் என்றால் வெளியே எடுத்துவிட வேண்டும். அல்கலைன் ஒழுகினால் முனையில் வெள்ளையாகப் பூக்கும், அது காரம். தேசிக்காய்ப் புளியோ வினாகிரியோ தொட்ட பஞ்சால் துடைத்துக் காயவிட்டால் போகும். கையில் படாமல் பார்க்க வேண்டும். டோர்ச், ரேடியோ, மணிக்கூடு என்ற அந்தப் படிவரிசையும் செல்லும். புளூடூத் ஸ்டைலஸ் விட்டுவிட்டுக் கொஞ்சம் கூடுதலாக மின் இழுக்கும், அதனால் அதில் 'செத்த' மூன்று ஏ பற்றரி சுவர் மணிக்கூட்டில் இன்னும் கனநாள் ஓடும். குப்பையில் போட அவசரம் இல்லை.

பரிசோதிப்பதற்கு இப்போது பல்ப் வேண்டாம். டெப்பின் புளூடூத் பக்கத்தில் பல ஸ்டைலஸுக்கு வீதம் காட்டும். மல்ரிமீற்றர் இருந்தால் இன்னும் நல்லது, புது அல்கலைன் 1.5க்கு மேலே காட்டும், 1.2க்குக் கீழே என்றால் புதுசைத் தேடத் தொடங்கலாம். பற்றரியை மேசையில் நட்டுக்குத்தாகப் போட்டுத் துள்ளினால் செத்தது என்று ஒரு வீடியோ சுற்றுகிறதே, அதை நாங்களும் செய்து பார்த்தோம். 2015இல் பிரின்ஸ்டன் பல்கலைக்கழகத்தில் இதை அளந்திருக்கிறார்கள்: உள்ளே நாக ஒட்சைட்டு உருவாகும்போதுதான் அது துள்ளுகிறது, ஆனால் பாதிச் சார்ஜ் இருக்கும்போதே முழுத் துள்ளலும் வந்துவிடும். அதாவது துள்ளினால் புதுசில்லை என்று சொல்லலாம், செத்தது என்று சொல்ல முடியாது.

வெயிலும் ஓட்டையும் மட்டும் இனி வேண்டவே வேண்டாம். உள்ளேயே பூட்டி வரும் ஸ்டைலஸ்களில் இருப்பது லிதியம். சோனி 1991இல் சந்தைக்குக் கொண்டுவந்த குடும்பம் அது, அதன் அடிப்படையைக் கண்டவர்களுக்கு 2019இல் நோபல் கிடைத்தது. சூடு அதற்குப் பகை, ஓட்டை போட்டால் தீப்பிடிக்கும். அதைவிட மோசமானது மறந்துபோவது. லிதியம் சும்மா இருந்தாலும் மெல்ல மெல்ல இறங்கும், அடிமட்டத்துக்கும் கீழே போய்விட்டால் பாதுகாப்புச் சுற்று பூட்டிக்கொள்ளும், பிறகு எந்தச் சார்ஜரும் எழுப்பாது. பரீட்சைக்கென்று மூன்று மாதம் லாச்சிக்குள் வைக்கப்போகிறீர்களா? பாதிச் சார்ஜில் வையுங்கள், மாதம் ஒருமுறை எடுத்துப் பாருங்கள். 2022இல் ஒரு நாளைக்கு 13 மணித்தியாலம் கரண்ட் வெட்டின நேரத்தில் எல்லோரும் கரண்ட் வந்த உடனே ஃபோனைத்தான் செருகினோம், ஸ்டைலஸ் யாருக்கு ஞாபகம்?

பற்றரியே இல்லாத வகையும் உண்டு. யப்பானின் வக்கொம் நிறுவனத்தின் பேனாக்கள் திரைக்குக் கீழே உள்ள கம்பிச்சுருள்களின் காந்தப்புலத்தில் இருந்தே தேவையான சக்தியை எடுக்கும். சம்சுங் நோட்டுகளின் பேனாவும் அந்தக் குடும்பம்தான். 2018இல் நோட் 9க்குள் புளூடூத்துக்காக ஒரு கொள்ளளவி வைத்தார்கள், அது இறங்கினாலும் எழுதுவது நிற்காது. பழசாக ஒரு டெப் வாங்க யோசிக்கிற ஆட்கள் இதை முதலில் கேளுங்கள். எங்களுக்கு அப்போது கேட்கத் தெரியவில்லை.

எங்கட ஸ்டைலஸ் இப்போது எழுதுகிறது. 9 வோல்ட்டின் உருளை ஒரு துளி நீளம் குறைவு, வெள்ளித்தாளை மடித்து இடைவெளியை நிரப்பினோம். துருத்திக்கொண்டிருக்கும் பக்கம்தான் நேர்முனை என்று நம்பிப் போட்டுவிடாதீர்கள், இந்த உருளைகளில் மாறி இருக்கலாம், மீற்றரால் அளந்துவிட்டுப் போடுங்கள். பிரிக்கும்போது குறடு இரண்டு முனையையும் சேர்த்துத் தொடவும் கூடாது.

மிச்சம் ஐந்து உருளை இருந்தது. அம்மம்மா அதைக் கடதாசியில் ஒவ்வொன்றாகச் சுற்றி, ஒன்றோடொன்று முட்டாமல், பழைய பால்மா டின்னுக்குள் வைத்தார். டின்னுக்குள் ஏற்கெனவே ஏழெட்டுப் பென்டோர்ச் பற்றரி கிடந்தது. அந்த வீட்டில் இப்போது ரேடியோ இல்லை.