ஒரு வார்ப்பு, இரு குணம்

கானாடுகாத்தான் எம்.சி.டி.எம். சிதம்பரம் செட்டியார் என்றால் செட்டிநாட்டில் வங்கியைத்தான் சொல்வார்கள். இந்தியன் ஓவர்சீஸ் வங்கி 1937 பிப்ரவரி 10 அன்று காரைக்குடி, சென்னை, ரங்கூன் மூன்று ஊர்களிலும் ஒரே நாளில் திறக்கப்பட்ட கதை ஊரறிந்தது. பெரும்பாவூரில் அவர் எழுப்பிய டிராவன்கூர் ரேயான்ஸ் அவ்வளவாகப் பேச்சில் வருவதில்லை. 1950இல் உற்பத்தி தொடங்கிய அது, இந்தியாவின் முதல் ரேயான் ஆலை. மரக்கூழை நூலாக்க அங்கே தேவைப்பட்ட திரவம் கார்பன் டைசல்பைடு. நாம் மூச்சில் விடும் கார்பன் டை ஆக்சைடுக்கு இது பங்காளி முறை: வம்சம் ஒன்று, போக்கு வேறு.

வம்சம் ஒன்று என்பதற்குச் சான்று அமைப்பிலேயே இருக்கிறது. இரண்டிலும் நடுவில் கார்பன், இரு பக்கமும் இரட்டைப் பிணைப்பு, வளைவில்லாத நேர்க்கோடு, வெளிக்கூட்டில் 16 எலெக்ட்ரான்கள். ஆனால் சல்பர் அணு பெரியது. கார்பனுக்கும் ஆக்சிஜனுக்கும் இடையே 116 பிக்கோமீட்டர். கார்பனுக்கும் சல்பருக்கும் இடையே 155. அந்த இடைவெளியில் இரட்டைப் பிணைப்பின் இரண்டாவது இழை சரியாகப் பின்னிக்கொள்வதில்லை. தனிமங்களிலிருந்து ஒரு மோல் டை ஆக்சைடு உருவாகும்போது 394 கிலோஜூல் வெளியேறுகிறது. டைசல்பைடு திரவமோ சுமார் 89 கிலோஜூலை உள்வாங்கித்தான் உருவாகிறது. முன்னது ஆற்றலைக் கொட்டிவிட்டு ஓய்ந்தது, பின்னது சுமந்துகொண்டு அலைவது.

எலெக்ட்ரான் மேகம் பெரிதாக இருப்பதால் டைசல்பைடு மூலக்கூறுகள் ஒன்றையொன்று வலுவாக இழுக்கின்றன. டை ஆக்சைடு −78.5 டிகிரியில் திண்மத்திலிருந்து நேரே வாயுவாகிறது. டைசல்பைடின் கொதிநிலை 46 டிகிரி. ஒரு பக்கம் ஆக்சிஜனும் மறுபக்கம் சல்பரும் கொண்ட கார்பனைல் சல்பைடு −50இல் கொதிக்கிறது. காரைக்குடியின் சித்திரை வெயிலில் மூடி தளர்ந்த டைசல்பைடு புட்டி என்னவாகும் என்று சொல்ல வேண்டியதில்லை. அதன் ஆவி காற்றைவிட இரண்டரை மடங்கு கனம், தரையோடு தவழும். தீப்பொறிகூடத் தேவையில்லை, 100 டிகிரிக்குப் பக்கத்தில் தானே பற்றிக்கொள்ளும், ஒரு நீராவிக் குழாயின் சூடு போதும். தீயணைப்பானில் ஒன்று, தீயாக மற்றொன்று. டைசல்பைடு எரிந்தால் கிடைப்பதும் கார்பன் டை ஆக்சைடும் சல்பர் டை ஆக்சைடும்தான். ஆலைகளில் டைசல்பைடைத் தண்ணீருக்கு அடியில் வைத்திருப்பார்கள். தண்ணீரைவிடக் கனமானது, அதில் மிகக் கொஞ்சமே கரைவது என்பதால் தண்ணீரே மூடியாகிவிடுகிறது.

இவ்வளவும் பாடநூலில் அட்டவணையாகக் கிடைக்கும். எனக்கு முக்கியமாகப் படுவது வேறு: இரண்டும் ஒரே வேலையைச் செய்கின்றன, ஆனால் டை ஆக்சைடு பிடித்ததை எளிதில் விட்டுவிடுகிறது, டைசல்பைடு அவ்வளவு எளிதில் விடுவதில்லை.

காரத்தில் ஊறிய செல்லுலோஸின் ஆக்சிஜன் முனையில் இரண்டுமே போய் ஒட்டும். டை ஆக்சைடு ஒட்டியது தண்ணீர் பட்டால் உதிர்ந்துவிடும். டைசல்பைடு ஒட்டினால் ஆரஞ்சு நிறச் சாந்தேட் கிடைக்கும்; அதைக் காரநீரில் கரைத்துத் தேன்பதத்தில் எடுத்து, நுண்துளைகள் வழியே கந்தக அமிலத் தொட்டிக்குள் பீய்ச்சுகிறார்கள். அமிலம் பட்ட பிறகுதான் பிடி விடுகிறது, செல்லுலோஸ் நூலாகத் திரும்பக் கிடைக்கிறது. 1892இல் இங்கிலாந்தில் கிராஸ், பெவன், பீடில் மூவரும் காப்புரிமை பெற்ற முறை இது. பெரும்பாவூரில் நடந்ததும் பின்னாளில் பவானிக் கரையில் சிறுமுகை விஸ்கோஸ் ஆலையில் நடந்ததும் இதுவே.

உடலுக்குள்ளும் அப்படித்தான். ரத்தத்தில் டை ஆக்சைடின் ஒரு பகுதி ஹீமோகுளோபினின் அமீன் முனைகளில் தொற்றிக்கொண்டு, நுரையீரல் வந்ததும் இறங்கிவிடுகிறது. அதே அமீன் முனைகளில் ஏறும் டைசல்பைடு டைதயோகார்பமேட்டாகி, அடுத்த படியில் புரதங்களை ஒன்றோடொன்று பிணைத்துவிடுகிறது. நரம்பிழைகள் தடித்துச் சேதமாகின்றன. பாரிஸ் ரப்பர் பட்டறைத் தொழிலாளர்களிடம் மனக்குழப்பமும் கைகால் தளர்ச்சியும் கண்டு 1856இல் எழுதினார் ஆகுஸ்ட் டெல்பெக் என்ற மருத்துவர். அதற்குப் பிறகும் ரேயான் ஆலைகள் தொழிலாளர்களைப் பல பத்தாண்டுகள் அந்த ஆவியிலேயே நிற்கவைத்தன. அறியாமை என்று அதைச் சொல்ல முடியாது.

அமீன் முனையில் டைசல்பைடு ஏறும் இதே வேதிவினையைத்தான் உரக்கடையில் விற்கிறார்கள். எத்திலீன் டைஅமீனோடு டைசல்பைடைச் சேர்த்து, மாங்கனீசும் துத்தநாகமும் ஏற்றினால் மான்கோசெப். மிளகாய்க்கும் திராட்சைக்கும் தெளிக்கும் பூஞ்சணக்கொல்லி. காயில் அது எவ்வளவு தங்கியிருக்கிறது என்று பார்க்க, ஆய்வகத்தில் அமிலமிட்டுச் சூடாக்கி, வெளிவரும் கார்பன் டைசல்பைடைத்தான் அளக்கிறார்கள்.

அழகப்பச் செட்டியார் 300 ஏக்கர் நிலமும் 15 லட்சம் ரூபாயும் கொடுத்ததால் உருவான காரைக்குடி சிக்ரி ஆய்வகம், 1953 முதல் மின்வேதியியலுக்கென்றே இயங்குகிறது. அந்தத் துறையின் கண்ணில் வேறுபாடு இன்னும் துல்லியமாகத் தெரியும். தண்ணீர் கலக்காத கரைப்பானில் மின்முனை வழியே எலெக்ட்ரான் ஊட்டினால், இரண்டு டை ஆக்சைடு கார்பனோடு கார்பன் கைகோத்து ஆக்சலேட் ஆகலாம். டைசல்பைடு அப்படி நிற்காது. மூலக்கூறுகள் சல்பரைப் பரிமாறிக்கொண்டு, மூன்று கார்பனும் ஐந்து சல்பரும் கொண்ட வளையமாகச் சுருளும். மின்சாரம் கடத்தும் கரிமப் படிகங்கள் சிலவற்றுக்கு அந்த வளையமே மூலப்பொருள்.