கப்பலில் தங்கிய தளபதியும் மே 19 இன் ஷஹீத்களும்

ஒவ்வொரு மார்ச் 18ஆம் திகதியும் நமது வட்ஸ்அப் குழுக்களில் சனக்கலே வெற்றி வீடியோக்கள் சுற்றும். நாமும் பார்க்கிறோம், பகிர்கிறோம். அவற்றில் வராத ஒரு காலைப்பொழுது இருக்கிறது. அதற்கு முன், எல்லோருக்கும் பிடித்த பகுதி.

1915 ஆகஸ்ட் 6 இரவு சுவ்லா விரிகுடாவில் பிரித்தானியப் படை இறங்கத் தொடங்கியது. கரையேறியவர்கள் சுமார் 20,000 பேர். எதிரே உஸ்மானியர் ஏறக்குறைய 1,500 பேர்தான். தளபதி ஸ்டொப்ஃபோர்டுக்கு 61 வயது. அதுவரை போர்க்களத்தில் எந்தப் படைக்கும் தலைமை தாங்கியதில்லை. முழங்காலில் வருத்தம் என்று ஜொன்குவில் கப்பலிலேயே தங்கிவிட்டார். கரையில் சிப்பாய்கள் குடிக்கத் தண்ணீரின்றித் தவித்தார்கள். அவருக்கும் மேலான ஹமில்டன் இருந்தது இம்ப்ரொஸ் தீவில். 8ஆம் திகதி மாலை ஹமில்டனே வந்து அவசரப்படுத்தியும், மறுநாள் விடியும்போது தெக்கே தெப்பே குன்றில் நின்றவர்கள் துருக்கியர்! முந்திய இரவுதான் முஸ்தபா கமாலிடம் அந்தப் பகுதி ஒப்படைக்கப்பட்டிருந்தது. அவர் பின்னால் இருந்து கட்டளையிடவில்லை. 10ஆம் திகதி நெஞ்சில் பாய வந்த குண்டுச் சிதறலை அவரது சட்டைப்பைக் கடிகாரம்தான் தடுத்தது என்பார்கள். (அவரது பிற்கால அரசியல் வேறு கதை, இங்கே வேண்டாம்.) ஸ்டொப்ஃபோர்ட் 15ஆம் திகதி பதவி நீக்கப்பட்டார்.

இதைச் சொல்லி நாம் சிரிக்கிறோம். ஆனால் அதே வருடம் மே 19?

அன்சாக் படையைக் கடலுக்குள் தள்ளிவிட வேண்டும் என்பது இஸ்தான்புல்லில் இருந்த யுத்த அமைச்சர் அன்வர் பாஷாவின் விருப்பம். தாக்குதலை நடத்தியவர் ஜெர்மன் தளபதி லிமான் வொன் சாண்டர்ஸ். பீரங்கியும் குண்டும் போதாது. படை திரள்வதை எதிரியின் விமானங்கள் முதல் நாளே கண்டுவிட்டன. இருந்தும் சுமார் 42,000 பேர், விடியுமுன், பதுங்குகுழிகளில் விழித்துக் காத்திருந்த இயந்திரத் துப்பாக்கிகளை நோக்கி அனுப்பப்பட்டார்கள். தோற்றது தெரிந்த பிறகும் அலை அலையாக அனுப்பினார்கள். மௌத்தானவர்கள் ஏறக்குறைய 3,000 பேர். எதிர்த்தரப்பில் சுமார் 160. அது தன்னுடைய பிழை என்று லிமான் பிறகு நினைவுக் குறிப்பில் ஒப்புக்கொண்டார்.

அவர்களை ஷஹீத்கள் என்கிறோம். அல்லாஹ் ஏற்றுக்கொள்வானாக. ஆனால் அந்தச் சொல்லால் கட்டளையிட்டவர்களையும் சேர்த்து மூடிவிடுகிறோமே, அதுதான் நமக்கு உறுத்துகிறது. ஸ்டொப்ஃபோர்டைக் கேட்கும் கேள்வியை அன்வரிடமும் கேட்கத்தான் வேண்டும்.

ஜனாஸாக்கள் ஐந்து நாள் வெயிலில் கிடந்தன. மே 24 காலை 7.30 முதல் மாலை 4.30 வரை யுத்தநிறுத்தம் செய்து, இரு தரப்புச் சிப்பாய்களும் பக்கத்தில் பக்கத்தில் நின்று குழி தோண்டினார்கள்.