சிறுவேடம் ஏற்ற பெருங்கலைஞர்

பள்ளி நாடகத்திற்கு மாணவரைத் தேர்ந்தெடுத்துப் பழகிய ஆசிரியர் அனைவரும் அறிந்த உண்மை ஒன்றுண்டு. அரசன் வேடத்திற்குப் பத்துப் பேர் முன்வருவர். வாயிற்காவலன் வேடத்திற்கு ஒருவரும் வாரார். வரலாற்றைப் படிக்கும்போதும் நாம் அரசர்களையே தேடுகின்றோம். ஆயினும், வாயிற்காவலன் நின்ற இடத்திலிருந்து நோக்கினால்தான் புலப்படும் காட்சிகளும் உள. ஜெர்மானிய நடிகர் கூர்ட் போய்ஸ் அவர்களின் வாழ்க்கை அதற்குச் சான்றாகும்.

அவர் 1901ஆம் ஆண்டு ஏப்ரல் 5ஆம் நாள் பெர்லின் மாநகரில் யூதக் குடும்பமொன்றில் பிறந்தார். ஏழு வயதளவில், லியோ பால் இசையமைத்த இசைநாடகம் ஒன்றில் சிறுவன் வேடமேற்றார். திரைப்படம் பேசக் கற்பதற்கு முன்பே திரைக்கும் வந்துவிட்டார். எர்ன்ஸ்ட் லுபிட்ஷ் 1919இல் இயக்கிய ‘சிப்பி இளவரசி’ என்னும் ஊமைப்படத்தில் இசைக்குழுவை நடத்துபவராகத் தோன்றி, உடலசைவாலேயே நகைப்பூட்டினார். 1927இல் வெளிவந்த நகைச்சுவைப் படமொன்றில் பெண்ணுடை தரித்தும் நடித்தார்.

1933இல் ஹிட்லர் ஆட்சியைக் கைப்பற்றினார். யூதக் கலைஞர்களுக்கு மேடையும் திரையும் மறுக்கப்பட்டன. போய்ஸ் தாய்நாட்டைத் துறந்து அமெரிக்காவை அடைந்தார். அவரைத் துரத்தியவர்களோ அவரது கலையை விட்டுவைக்கவில்லை. யூதர்மீது வெறுப்பைத் தூண்டுவதற்காக 1940இல் நாஜிகள் எடுத்த ‘நித்திய யூதன்’ என்னும் படத்தில், அவர் பெண்ணுடையில் தோன்றிய பழைய காட்சியை வெட்டி ஒட்டினர். மக்களை மகிழ்விக்க அவர் செய்த நடிப்பு, அவரது இனத்தாரையே இழிவுபடுத்தும் கருவியாயிற்று. ஒரு கலைஞனுக்கு இதனினும் கொடிய தண்டனை வேறென்ன இருக்க முடியும்?

பெர்லினில் புகழ்பெற்றிருந்த அவருக்கு ஹாலிவுட்டில் கிடைத்தவை பெரும்பாலும் சிறுவேடங்களே. 1942இல் வெளிவந்த ‘காசாபிளாங்கா’வில் அவர் ஒரு பிக்பாக்கெட்காரர். ஊரெங்கும் திருடர் மலிந்துள்ளனர் என்று ஒரு பயணியை அன்போடு எச்சரித்தவாறே அவருடைய பணப்பையைக் கவர்ந்து செல்வார். சில மணித்துளிகளே நீடிக்கும் காட்சி, பார்த்தவர் மறப்பதில்லை. அகதிகளைப் பற்றிய அப்படத்தில் உண்மை அகதிகள் பலர் நடித்தனர். நாஜி அதிகாரியாகத் தோன்றிய கான்ராட் வைட்டும் நாஜிகளை வெறுத்து ஜெர்மனியை விட்டு வெளியேறியவரே.

1950இல் போய்ஸ் பெர்லினுக்குத் திரும்பினார். விட்டுச் சென்ற நகரம் அங்கில்லை. இடிபாடுகளும் இரண்டு ஆட்சிகளும் இருந்தன. முதலில் கிழக்கிலும் பின்னர் மேற்கிலும் அவர் நடித்தார். பெர்டோல்ட் பிரெக்டின் நாடகக்குழுவில் பண்ணையார் புன்டிலாவாக நடித்தமை குறிப்பிடத்தக்கது.

எண்பத்தைந்து வயதைக் கடந்த பின்னரே அவரது வாழ்வின் பொருளை உணர்த்தும் வேடம் வந்தது. விம் வெண்டர்ஸ் இயக்கி 1987இல் வெளிவந்த ‘பெர்லின் மீது வானம்’ என்னும் படத்தில் அவர் ஹோமர் என்னும் முதிய கதைசொல்லி. பெர்லின் சுவரையொட்டிய வெற்று நிலத்தில், ஒருகாலத்தில் மக்கள் நெருக்கம் மிகுந்திருந்த போட்ஸ்டாமர் சதுக்கத்தை அம்முதியவர் தேடி அலைகிறார். அந்நகரின் செழிப்பைச் சிறுவயதிலேயே கண்ட ஒருவர், அது இருந்த இடத்தில் நின்று தேடுவதை நடிப்பென்பதா, நினைவென்பதா? 1988இல் அவ்வேடத்திற்காக ஐரோப்பியத் திரைப்பட விருது அவருக்குக் கிடைத்தது. சிறந்த துணை நடிகருக்கான விருது அது!

மறு ஆண்டில் சுவர் வீழ்ந்தது. அதனைக் கண்ட பின்னரே, 1991 டிசம்பர் 25ஆம் நாள், பிறந்த பெர்லினிலேயே அவர் மறைந்தார். அவரை விரட்டிய ஆட்சி பன்னிரண்டு ஆண்டுகளே நிலைத்தது. அவரது கலைப்பணியோ ஏறத்தாழ எண்பது ஆண்டுகள் நீடித்தது.

அடுத்த முறை வாயிற்காவலன் வேடத்தை ஒரு மாணவனிடம் ஒப்படைக்கும்போது, ஆசிரியப் பெருமக்கள் இந்தக் கதையையும் அவனுக்குச் சொல்வார்களாக.