திருகோணமலைக் கடலிலிருந்து திரைக்கு

படங்களைப் பற்றி எழுதுகிறவர் படத்தில் தோன்றுவது எளிதன்று. பிறரை எடைபோட்டவரை அன்று பிறர் எடைபோடுவர். 1954இல் தம் நாட்டுப் படங்களைக் கடுமையாகச் சாடிய பிரெஞ்சு விமர்சகர் த்ரூஃபோ, பின்னர் இயக்குநராகி, 1977இல் ஸ்பீல்பெர்க்கின் படமொன்றில் விஞ்ஞானியாக நடித்தார்.

இலங்கையில் இதையொத்த கதை ஒன்று உண்டு. அதன் நாயகர் விமர்சகர் அல்லர், எழுத்தாளர். அந்தக் கதை திருகோணமலைக் கடலடியில் தொடங்குகிறது.

1956இல் இலங்கைக்கு வந்த ஆர்தர் சி. கிளார்க்கும் நண்பர் மைக் வில்சனும் சுவாமி மலையின் அடியில் மூழ்கினர். பதினேழாம் நூற்றாண்டில் போர்த்துக்கேயர் இடித்த கோணேசர் ஆலயத்தின் தூண்களும் கற்களும் அங்கே கிடந்தன. மறு ஆண்டே அவ்வனுபவத்தைக் கிளார்க் நூலாக்கினார்.

வில்சனுக்கு எழுத்து போதவில்லை. கடலைத் திரையில் காட்ட விரும்பினார். அவ்வாறு 1962இல் வந்ததுதான் ‘ரன்முத்து தூவ’. சிங்களத்தின் முதல் வண்ணப்படம் அது. கிளார்க் பொருளுதவி செய்தார், திரையில் தோன்றவில்லை. காமினி பொன்சேகாவும் ஜோ அபேவிக்ரமவும் அதில் நடித்தனர்.

1969இல் மனிதன் நிலவில் இறங்கியபோது, கிளார்க் அமெரிக்கத் தொலைக்காட்சியில் விளக்கவுரையாளராக அமர்ந்தார். அங்கே அவர் அவராகவே இருந்தார். நடிகராக மாறியது 1980இல், லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸின் ‘பெத்தேகம’ படத்தில்.

அவர் ஏற்ற பாத்திரம் லெனாட் வூல்ப். 1905இல் யாழ்ப்பாணத்தில் பணியைத் தொடங்கி, பின்னர் அம்பாந்தோட்டையை நிர்வகித்த ஆங்கில அதிகாரி அவர். அந்த அனுபவத்திலிருந்து அவர் 1913இல் எழுதி வெளியிட்ட நாவலே படத்தின் மூலம். பிற்காலத்தில் லண்டன் வார இதழொன்றின் இலக்கிய ஆசிரியராகப் பிறர் நூல்களை எடைபோட்டவரும் அவரே.

கொலைக் குற்றம் சுமக்கும் ஏழைச் சிலிந்துவாக நடித்தவர் ஜோ அபேவிக்ரம. பதினெட்டு ஆண்டுகளுக்கு முன் கிளார்க்கின் பணத்தால் உருவான படத்தில் நடித்த அதே கலைஞர்!

இங்குதான் என் மனம் நிற்கிறது. தம்மை ஏற்றுக்கொண்ட நாட்டின் மக்கள் முன், அவர்களை ஆண்ட பேரரசின் நீதிபதி நாற்காலியில் அமர அந்த ஆங்கிலேயர் சம்மதித்தார். அவர் விண்வெளி வீரர் வேடம் கேட்டிருந்தாலும் எவரும் வியந்திருக்கமாட்டார்கள். பக்கத்துக்குப் பின்னால் இருப்பவனுக்குக் காகிதம் ஒரு மறைவு. திரையில் அந்த மறைவு இல்லை.

கிளார்க் 2008இல் கொழும்பில் காலமானார். கோணேசர் கோயிலுக்குச் செல்வோர், கீழே அலைகளைப் பார்க்கும்போது அந்த மூழ்காளரையும் ஒருகணம் நினைக்கலாம்.