பெயரின் முன்னும் பின்னும்: ஈழத்தமிழர் பெயர் மரபு பற்றிய ஒரு நோக்கு

பெற்றோர் தம் குழந்தைக்கு முதன்முதல் வழங்கும் உடைமை அதன் பெயரேயாம். அவ்வுடைமையை உடையவனிலும் பார்க்கப் பிறரே மிகுதியும் பயன்படுத்துவர். ஆதலின், ஒரு பெயரைக் கொண்டு அதனைத் தாங்குபவனை மாத்திரமன்றி, அவனை அழைக்கும் சமுதாயத்தையும் ஒருவாறு அறிந்து கொள்ளலாம். இக்கட்டுரை நடுவில் நிற்கும் இயற்பெயரின் பொருளை விடுத்து, அதன் முன் நிற்பதனையும் பின் நிற்பதனையும் நோக்க முயல்கின்றது. முன் நிற்பது ஒருவன் எவ்வூரான், எவர் மகன் என்பதை உணர்த்தும். பின் நிற்பதோ உலகம் அவனை எவ்விடத்தில் வைத்தது என்பதை உணர்த்தும்.

முதற்கண் முன் நிற்பதனை நோக்குவாம். தந்தை பெயரை முன்னும் மகன் பெயரைப் பின்னும் வைத்து வழங்குதல் தமிழில் மிகப் பழைய வழக்காகும். தந்தையும் மகனுமாகிய முறையில் இரு பெயர்கள் தொடருங்கால் அவை எங்ஙனம் புணரும் என்பதற்குத் தொல்காப்பியர் விதி வகுத்துள்ளார். சாத்தனுக்கு மகனாகிய கொற்றன் ‘சாத்தங்கொற்றன்’ என உரையாசிரியர் அவ்விதிக்கு எடுத்துக்காட்டுத் தருவர். மகன் பெயரால் தந்தையைச் சுட்டும் வழக்கும் இருந்தது. ஆதன் தந்தை என்பது ‘ஆந்தை’ எனவும், பூதன் தந்தை என்பது ‘பூந்தை’ எனவும் குறுகும் என்பதும் அந்நூலின் விதியே. இலக்கண நூலில் இடம்பெறுமளவுக்கு இவ்வழக்கு மக்களிடையே பரவியிருந்தமை இதனாற் பெறப்படும்.

சங்கப் புலவர் பெயர்களிலும் ஊரும் தந்தையும் முன் நிற்கக் காண்கின்றோம். பிசிராந்தையார் என்பதில் பிசிர் ஊர்ப்பெயர். மதுரைக் கணக்காயனார் மகனார் நக்கீரனார் என்பதில் ஊர், தந்தை, மகன் ஆகிய மூன்றும் முறையே அமைந்துள்ளன. அகநானூறு, குறுந்தொகை, நற்றிணை ஆகிய தொகைகளிற் காணப்படும் ஈழத்துப் பூதன்தேவனார் பெயரும் இவ்வகையினதே. பெண்பாற் புலவரும் ஊராலும் குடித்தொழிலாலும் சுட்டப்பட்டனர். ஒக்கூர் மாசாத்தியாரும் வெண்ணிக் குயத்தியாரும் கணவர் பெயரை முன்னிட்டு அறியப்பட்டவரல்லர். மணமான பெண் தந்தையின் முதலெழுத்தை நீக்கிக் கணவனின் முதலெழுத்தை ஏற்கும் வழக்கமே தொன்மையானது என்று கருதுவோர் இதனைச் சிந்தித்தல் வேண்டும்.

முதலாம் இராசராசன் (985–1014) எடுப்பித்த தஞ்சைப் பெருங்கோயிற் கல்வெட்டொன்று 400 தளிச்சேரிப் பெண்டுகளின் பெயர்களைத் தருகின்றது. அவர் வந்த ஊரும் கோயிலும் ஆங்குக் குறிக்கப்பட்டுள்ளன. ஆனால் பெயருக்கு முன் ‘நக்கன்’ என்னும் சிவன் பெயரே திரும்பத் திரும்ப நிற்கின்றது. தந்தை நிற்க வேண்டிய இடத்தில் இறைவன் நிற்கின்றான். பெயரின் முன்னிடம் ஒருவரின் உரிமையை உணர்த்துவது என்பதற்கு இதனிலும் தெளிவான சான்று வேண்டியதில்லை.

ஈழத்தில் இம்மரபு அண்மைக்காலம் வரை சிதையாது நின்றது. கலித்தொகையை 1887 இற் பதிப்பித்த சி. வை. தாமோதரம்பிள்ளை (1832–1901) அவர்களின் இரு முதலெழுத்துக்களில் முன்னையது சிறுப்பிட்டி என்னும் ஊரையும், பின்னையது தந்தையார் வைரவநாதரையும் குறிப்பன. சங்கப் பனுவலைப் பதிப்பித்த பெருமகனாரின் பெயரும் சங்கப் புலவர் பெயரின் அமைப்பையே கொண்டிருந்தது. பாட்டன் பெயரைத் தாங்குபவன் ‘பெயரன்’ ஆகிப் பின்னர்ப் ‘பேரன்’ ஆனமையும் ஈண்டு நினைக்கத்தக்கது. யாழ்ப்பாணத்து அரசரும் செகராசசேகரன், பரராசசேகரன் என்னும் அரியணைப் பெயர்களை மாறி மாறிச் சூடினர். அங்ஙனம் சூடுவோன் தனக்கு முந்தியவன் பெயரை விடுத்து, அவனுக்கும் முந்தியவன் பெயரை மீட்டும் உயிர்ப்பிக்கின்றான்.

ஐரோப்பியர் வருகையால் இம்மரபு இருவகையில் தாக்குண்டது. 1619 இற் போர்த்துக்கேயர் யாழ்ப்பாண அரசைக் கைப்பற்றியதன் பின்னர் ஞானஸ்நானப் பெயர்கள் பெருகின. அவற்றிற் சில ஒலியளவில் தமிழாயின. சந்தியாகோ என்பது ‘சந்தியாப்பிள்ளை’ ஆயிற்று. வேறு சில பொருளளவில் தமிழாயின. இறைவன் அருளைக் குறிக்கும் யோவான் என்பது ‘அருளப்பர்’ ஆகவும், சிறியவன் எனப் பொருள்படும் பவுல் என்பது ‘சின்னப்பர்’ ஆகவும் வழங்கின. அமெரிக்க மிசனரிமார் 1823 இல் நிறுவிய வட்டுக்கோட்டைச் செமினறியிற் பயின்றோர் பலருக்குப் பிறநாட்டாரின் பெயர்கள் சூட்டப்பட்டன. பாவலர் சரித்திர தீபகம் இயற்றிய ஆர்னல்ட் சதாசிவம்பிள்ளையின் பெயரும், யாழ்ப்பாணம் இந்துக் கல்லூரிக்கு முன்னோடியான பாடசாலையைத் தொடங்கிய வில்லியம் நெவின்ஸ் சிதம்பரப்பிள்ளையின் பெயரும் அக்காலத்தின் சுவடுகளாகும். ஆயினும் அப்பெயர்களில் அயற்சொல் முன்னேதான் ஒட்டிற்று, தமிழ்ப்பெயர் மறையவில்லை.

இரண்டாவது தாக்கம் ‘குடும்பப் பெயர்’ என்னும் கருத்தாகும். இறுதியில் நிற்பது குடிக்குரிய பெயர் என்பது ஆங்கிலேயர் வழக்கு. இறுதியில் நிற்பது அவனவனுக்கே உரிய பெயர் என்பது நமது வழக்கு. இவ்வேறுபாட்டை ஒரே உறவினர் வட்டத்துள் நன்கு காணலாம். குமாரசுவாமி முதலியாரின் மைந்தர் முத்து. இவர் சேர் முத்துக் குமாரசுவாமி எனத் தந்தை பெயரைப் பின்னே கொண்டு அறியப்பட்டார். இவர்தம் புதல்வரே கலாயோகி ஆனந்தக் குமாரசுவாமி (1877–1947). பாட்டனின் இயற்பெயர் ஈண்டுக் குடும்பப் பெயராக உறைந்துவிட்டது. ஆனால் சேர் முத்துவின் மருகர்களான பொன்னம்பலம் இராமநாதனும் பொன்னம்பலம் அருணாசலமும் தந்தை பெயரை முன்னே வைத்துத் தத்தம் பெயராலேயே விளங்கினர். 1983 இன் பின்னர்ப் புலம்பெயர்ந்த நம்மவரிற் பலர் இச்சிக்கலை நாள்தோறும் எதிர்கொள்கின்றனர். அயல்நாட்டு விண்ணப்பப் படிவம் ஒரு கட்டத்தைக் காட்டிக் குடும்பப் பெயரைக் கேட்கின்றது. தந்தை பெயரை அதனுள் எழுதியவன், அன்று முதல் தந்தையின் பெயராலேயே அழைக்கப்படுகின்றான்.

இனிப் பின் நிற்பதனை நோக்குவாம். நக்கீரன் என்பதன் ஈற்றில் நிற்கும் ‘ஆர்’ பிறர் மதிப்புக் கருதிச் சேர்த்த விகுதி. புலமை கண்டு உலகம் அதனை அளித்தது. நல்லூர்க் கந்தரின் மைந்தர் ஆறுமுகத்திற்கு 1849 இல் திருவாவடுதுறை ஆதீனம் அளித்த ‘நாவலர்’ என்னும் பட்டமும் அத்தகையதே. ஆயின் காலப்போக்கில் உயர்வு விகுதி கல்வியாற் பெறுவதாகாது பிறப்பாற் பெறுவதாகியது. யாழ்ப்பாணத்திலே முருகப்பெருமானின் ஒரே திருநாமம் கந்தர், கந்தையா, கந்தப்பு, கந்தப்பிள்ளை, கந்தசாமி எனப் பலவாறு வழங்கிற்று. இவை அனைத்தினும் கடைப்பட்டதாகக் ‘கந்தன்’ வைக்கப்பட்டது. ஒடுக்கப்பட்ட மக்களை உறுதிகளிலும் பேச்சு வழக்கிலும் ‘அன்’ விகுதியாற் சுட்டுவது முறையெனக் கொள்ளப்பட்டது. அவர் தம் மக்களுக்குச் ‘சாமி’ என்றோ ‘பிள்ளை’ என்றோ முடியும் பெயரிடுதல் ஊரவரின் சினத்திற்கு ஆளாகும் செயலாயிருந்தது. மகவு எனப் பொருள்படும் ‘பிள்ளை’ என்னும் சொல்லையே ஒருவர் மகவுக்கு மறுத்த காலம் அது.

சில ஆண்டுகளுக்கு முன்னர், மேல்வகுப்பு மாணவரைத் தத்தம் பாட்டனார் பெயரை எழுதி வருமாறு பணித்தேன். ஒரு மாணவனின் தாளிலே முதலிற் ‘கந்தன்’ என எழுதப்பட்டு, பின்னர் ஈறு அழிக்கப்பட்டுக் ‘கந்தசாமி’ எனத் திருத்தப்பட்டிருந்தது. அழித்த தடம் நன்கு தெரிந்தது. யான் காரணம் வினவவில்லை. என் பாட்டனார் பெயர் ‘பிள்ளை’ என முடிவது. அதனை அழித்தெழுத வேண்டிய நிலை எனக்கு ஒருபோதும் நேர்ந்ததில்லை என்பது அப்பொழுதுதான் என் நெஞ்சில் உறைத்தது. அம்மாணவனின் பெயரும் ‘அன்’ என்றே முடிவது. அவன் வகுப்பிலிருந்த ஏனைய ஆண் மாணவருட் பெரும்பாலோர் பெயரும் அவ்வாறே முடிந்தன. இடாப்பை அழைக்கும்போது அவற்றுள் எவரும் தாழ்வு காண்பதில்லை.

ஆகவே இழிவு விகுதியில் இல்லை என்பது தெளிவு. செழியன், நன்னன் முதலாய வேந்தர் பெயர்களும், ஆதன், சாத்தன், கொற்றன் முதலாய மக்கட்பெயர்களும் ‘அன்’ ஈற்றனவே. 1916 இல் வேதாசலனார் மறைமலையடிகளாகித் தனித்தமிழ் இயக்கத்தைத் தொடங்கிய பின்னர், செழியனும் இளங்கோவனும் கற்றோர் இல்லங்களில் மீண்டும் பிறந்தனர். 1929 இற் செங்கல்பட்டில் நிகழ்ந்த சுயமரியாதை மாநாடு சாதிப்பட்டங்களை நீக்குமாறு தமிழகத்தாரை வேண்டிற்று. இலங்கையிலே 1957 இல் நிறைவேறிய சட்டம் சாதி காரணமாக ஒருவருக்குப் பொது உரிமைகளை மறுத்தலைக் குற்றமாக்கியது. இவற்றின் பயனாக விகுதி வேறுபாடு இளையோர் பெயர்களில் மறைந்து வருகின்றது. பாட்டன்மாரின் பெயர்களிலோ அது இன்னும் வடுவாக நிற்கின்றது.

முன் நிற்பது நமக்கு வேர். பின் நிற்பது நாம் பிறருக்கு இட்ட அளவுகோல். இன்று பின்னதனுடன் முன்னதும் மறைந்து வருகின்றது. ஊர்ப்பெயர் பெயரிலிருந்து நீங்கிற்று. தந்தை பெயர் ஓரெழுத்தாய்ச் சுருங்கிற்று. எண்சோதிடம் நோக்கி இடப்படும் புதுப்பெயர்கள் பலவற்றுக்குப் பொருள் கூற அவற்றை இட்டவராலும் இயலவில்லை. 1981 இல் யாழ்ப்பாணப் பொது நூலகம் எரியுண்டது. 1995 இன் இடப்பெயர்விலும் அதன் பின்னரும் எத்தனையோ வீடுகளில் உறுதிகளும் சாதகக் குறிப்புகளும் அழிந்தன. ஆகவே நான்கு தலைமுறைப் பெயர்களைக் கூறவல்ல முதியோர் நம்மிடையே இருக்கும்போதே அவற்றைக் கேட்டு எழுதிவைத்தல் மாணவர் கடனாகும். எழுதும்போது பாட்டியர் பெயர்களையும் விடாது எழுதுக, ஊரையும் எழுதுக, பாட்டனார் கந்தனாயின் கந்தன் என்றே அழிக்காது எழுதுக. அப்பெயரை வாசிக்கும் ஆசிரியர், நக்கீரனை நக்கீரனார் என வழங்கிய நம் முன்னோரைப் போன்று, கந்தனார் என்று வாசிப்பாராக.