சப்ரகமுவ இறப்பர் தோட்டங்களும் இரண்டாம் உலகப் போரும்

இரத்தினபுரி, கேகாலை மாவட்டங்கள் அடங்கிய சப்ரகமுவ மாகாணம் இரண்டாம் உலகப் போரில் போர்க்களம் ஆனதில்லை. ஆனாலும் 1942க்குப் பிறகு நேச நாடுகளின் லாரிகளும் விமானங்களும் ஓடிய டயர்களில் இந்த மலைச்சரிவுகளின் பாலும் கலந்திருந்தது.

போருக்கு முன்பு நிலைமை தலைகீழாக இருந்தது. உலகச் சந்தையில் இறப்பர் மலிந்து விலை சரிந்ததால், 1934இல் கையெழுத்தான சர்வதேச உடன்படிக்கை ஒவ்வொரு நாடும் எவ்வளவு ஏற்றுமதி செய்யலாம் என்று அளந்து கொடுத்தது. பால் வெட்டக்கூடிய மரங்கள் பல வெட்டப்படாமலே நின்றன. 1942 பெப்ரவரி 15இல் சிங்கப்பூர் வீழ்ந்தது. அடுத்த மாதம் ஜாவாவும் போயிற்று. உலகின் இயற்கை இறப்பரில் பத்தில் ஒன்பது பங்கு யப்பானியர் கைக்குப் போய்விட, நேச நாடுகளிடம் எஞ்சிய தோட்டங்களில் பெரியவை இலங்கையில் இருந்தவையே. பாலை மட்டுப்படுத்தச் சொல்லிவந்த லண்டன் இப்போது ஒரு சொட்டும் வீணாகக் கூடாது என்றது. விளைந்ததையெல்லாம் நிர்ணய விலைக்கு பிரித்தானிய அரசே வாங்கியது. தீவின் உற்பத்தி ஆண்டுக்கு ஏறத்தாழ 1,00,000 தொன்னைத் தொட்டது.

இந்தக் கணக்கு தோட்டத்தில் எப்படி நடந்தது என்பதைப் பால்வெட்டைப் பார்த்தால்தான் புரியும். விடியும் முன்பே வெட்டினால்தான் பால் நன்றாக வடியும். மரத்தை அரைச்சுற்று சுற்றிச் சரிவாக ஓடும் பழைய காயத்தின் மேல், கத்தியால் மெல்லிய சீவல் ஒன்றை எடுப்பார்கள். கத்தி சற்று ஆழமாகப் போனால் மரத்தில் காயம்பட்டு, பட்டை முடிச்சு முடிச்சாக வளரும். அந்த இடத்தில் மறுபடி வெட்ட முடியாது. பால் சிரட்டையில் இறங்கும். வாளியில் சேர்ந்த பாலைத் தொழிற்சாலைத் தட்டுகளில் ஊற்றி அமிலம் விட்டு உறையவைத்து, உருளையில் அழுத்தி, புகையறையில் தொங்கவிட்டால் பழுப்பு நிறத் தாள் கிடைக்கும். வழக்கமாக ஒரு நாள் வெட்டி மறுநாள் மரத்துக்கு ஓய்வு கொடுப்பார்கள். உரித்த பட்டை மறுபடி வளரச் சில ஆண்டுகள் வேண்டும்.

போர்க்காலத்தில் அந்த ஓய்வு பறிபோயிற்று. வயதான மரங்களைப் பொறுத்தவரை, மரம் செத்தாலும் சரி, இருக்கும் பாலை இப்போதே எடுத்துவிட வேண்டும் என்பதே கட்டளை. ஒரே மரத்தில் ஒன்றுக்கு மேற்பட்ட வெட்டுகள் விழுந்தன. கைக்கெட்டாத உயரத்திலும் பட்டையை உரித்தார்கள். அரசு மரத்துக்கு விலை கொடுத்ததே தவிர, வெட்டிய கைகளுக்கு அந்த அவசரத்துக்கு ஏற்ற கூலி கிடைத்ததாகச் சொல்ல முடியாது. பஞ்சப்படி வந்தது உண்மைதான். விலைவாசி அதற்கு முன்பே ஏறியிருந்தது.

சாப்பாடும் மாறியது. 1942 மார்ச்சில் ரங்கூன் விழுந்ததும் பர்மா அரிசி நின்றது. தன் தேவையில் பாதிக்கு மேல் இறக்குமதியை நம்பியிருந்த தீவுக்கு அது பேரிடி. கூப்பன் முறை வந்தது, அரிசிப் பங்கு சுருங்கியது, அந்த இடத்தைக் கோதுமை மா பிடித்தது. லயங்களில் இன்றுவரை காலையில் தட்டும் ரொட்டி வேரூன்றியதில் இந்த ஆண்டுகளுக்குப் பெரிய பங்கு உண்டு.

அரசியலில் சப்ரகமுவவுக்குத் தனி இடம் உண்டு. கேகாலை மாவட்டத்து ருவன்வெல்லையிலிருந்துதான் 1936இல் என்.எம். பெரேரா அரசாங்க சபைக்குத் தெரிவானார். அவருடைய லங்கா சமசமாஜக் கட்சி போரை ஏகாதிபத்தியங்களின் சண்டை என்று எதிர்த்தது, தோட்டங்களில் சங்கம் கட்டியது. 1940 ஜூனில் அவரும் பிலிப் குணவர்தன, கொல்வின் ஆர். டி சில்வா, எட்மண்ட் சமரக்கொடி ஆகியோரும் சிறை சென்றனர். 1942 ஏப்ரல் 5, ஈஸ்டர் ஞாயிறன்று கடற்படைத் தளபதி நகுமோவின் விமானந்தாங்கிக் கப்பல்களிலிருந்து வந்த யப்பானிய விமானங்கள் கொழும்பைத் தாக்கின. அந்தப் பரபரப்பு அடங்குமுன், ஏப்ரல் 7இல், நால்வரும் கண்டி போகம்பறைச் சிறையிலிருந்து தப்பினர். அவர்களில் சிலர் பிறகு இந்தியாவுக்குப் போய்விட்டனர். அதே ஆண்டு அத்தியாவசியச் சேவைகளில் வேலைநிறுத்தம் தடைசெய்யப்பட்டது.

தொழிலாளரை வைத்து நடந்த பேரம் இன்னும் விசித்திரமானது. 1939இல் அரசுத் திணைக்களங்களில் நாட்கூலிக்கு இருந்த இந்தியரை இலங்கை அமைச்சர்கள் நீக்கத் தொடங்கினார்கள். பதிலுக்கு இந்தியா, கூலிவேலைக்கு ஆட்கள் இலங்கை செல்வதைத் தடுத்தது. அந்த ஜூலையில் நேருவின் வருகையோடு இலங்கை இந்தியக் காங்கிரஸ் பிறந்தது. போர் முற்றி, இறப்பர் வெட்ட ஆள் போதாதபோது அதே அமைச்சர்கள் இந்தியாவிடம் ஆள் கேட்டார்கள், போர் முடிந்ததும் திருப்பி அனுப்பிவிடும் நிபந்தனையோடு. இந்தியா அதற்கு ஒப்பவில்லை, பேச்சு முறிந்தது.

போர் முடிந்த மறு ஆண்டே, 1946இல், கிராம விரிவாக்கத்துக்காக எடுத்துக்கொண்ட கேகாலை மாவட்டத்து நேவ்ஸ்மியர் தோட்டத்தில் இருந்த இந்திய வம்சாவளித் தொழிலாளருக்கு அரசு வெளியேறும் அறிவித்தல் கொடுத்தது. சுற்றுப்புறத் தோட்டங்களிலும் வேலைநிறுத்தம் மூண்டது. 1948 குடியுரிமைச் சட்டம் இந்த இந்திய வம்சாவளி மக்களில் மிகப் பெரும்பாலானோரை நாடற்றவர்களாக்கியது.

பட்டை தேய்ந்த மரங்கள் மட்டும் மலையில் நின்றன. 1952 டிசம்பரில் சீனாவுடன் செய்த ஒப்பந்தப்படி, ஆண்டுக்கு 50,000 தொன் இறப்பருக்கு 2,70,000 தொன் அரிசி வரத் தொடங்கியது. 1953இல் மறுநடுகை மானியத் திட்டமும் வந்தது. கிழட்டு மரங்களை வேரோடு பிடுங்கி, ஒட்டுக்கன்றுகளை வைத்து, முதல் வெட்டுக்காகத் தோட்டங்கள் ஆறேழு ஆண்டுகள் காத்திருந்தன.