தன்னுருவைத் தானே எழுதுதல்

“நீ யார்?” என்னும் வினா, காரைக்கால் மக்களிடம் ஒருமுறை அரசின் சட்டமாகவே வந்தது. 1739இல் பிரெஞ்சுக்காரர் கைக்குப் போன அப்பகுதி, 1954இல் இந்திய நிருவாகத்தின்கீழ் வந்தது. 1962 ஆகஸ்டு 16இல் ஒப்பந்தம் நடைமுறையானது. பிரெஞ்சுக் குடியுரிமையே வேண்டுவோர் ஆறு மாதங்களுக்குள் எழுதித் தெரிவித்தல் வேண்டும். கோட்டுச்சேரிமேடு போன்ற சிற்றூர்களுக்கும் பொருந்திய விதி இது. அந்தத் தாள் அறிந்த விடைகள் இரண்டே: இந்தியர், பிரெஞ்சியர். சைகோனுக்குச் சபர் போன கணவருக்கு அரபுத்தமிழில் மடல் வரைந்த மனைவியின் வாழ்வு அதில் எப்படி அடங்கும்?

பிறர் நம்மை வரையறுப்பது பழைய வழக்கந்தான். 1868 முதல் 1875 வரை ஆங்கில ஆட்சியினர் ‘இந்திய மக்கள்’ என்ற எட்டுத் தொகுதி ஒளிப்பட நூலை வெளியிட்டனர். முகங்கள் நம் நாட்டவருடையவை. உடன் எழுதிய இனப்பெயரும் குணவிளக்கமும் ஆள்வோருடையவை.

1960களின் பிற்பகுதியில், சுமந்து செல்லத்தக்க காணொளிக் கருவி விற்பனைக்கு வந்தது. அதன் முன்னும் பின்னும் ஒருவரே நிற்க இயன்றது. பெய்ரூட்டில் பிறந்த பாலஸ்தீனப் பெண்மணி மோனா ஹாதூம், 1975இல் லண்டன் சென்றிருந்தபோது உள்நாட்டுப் போர் மூண்டதால் ஊர் திரும்ப இயலாதவரானார். 1988இல் அவர் உருவாக்கிய ‘தொலைவின் அளவைகள்’ என்னும் படத்தில், தாயின் உருவத்தின்மேல் அத்தாய் எழுதிய அரபு மடல்களின் வரிகள் திரைச்சீலைபோல் படர்ந்திருக்கும். மகள் அவற்றை ஆங்கிலத்தில் வாசிப்பார். கடல் கடந்து வந்த மடலைச் சுற்றியமர்ந்து கேட்ட நம் குடும்பங்களுக்கு இக்காட்சி புரியாததன்று.

நம் நாட்டில் இவ்வழி நடந்தவர், 1952இல் பெங்களூரில் பிறந்த ரும்மானா ஹுசைன். 1992 டிசம்பரில் பாபரி மஸ்ஜித் இடிக்கப்பட்டதும், தொடர்ந்த பம்பாய்க் கலவரமும் ஓவியராயிருந்த அவரை நிகழ்த்துகலைக்கும் காணொளிக்கும் திருப்பின. 1995இல், காலில் சலங்கையும் கையில் பிளந்த பப்பாளியுமாக, ஓசையின்றி அலறும் வாயோடு அவர் பம்பாயில் பார்வையாளர் முன் நடந்தார். 1997இல், 1857 கிளர்ச்சியில் லக்னோவைக் காத்து நின்ற பேகம் ஹஸ்ரத் மஹலின் நினைவில் தம்மையே வைத்துப் பார்த்தார். 1998இல், முஸ்லிம் பெண்ணைக் குறித்த வினாக்களை அவையோர்முன் அடுக்கடுக்காய் வாசித்தார். “நீ யார்?” என்று கேட்டவர்களை நோக்கியே வினா திரும்பிற்று. 1999இல் அவர் மறைந்தார்.

நம் இல்லத்துப் பெட்டிகளிலும் பாட்டிமார் எழுதிய அரபுத்தமிழ் மடல்கள் உறங்குகின்றன. அவற்றை வாசிக்க வல்ல மூத்தோர் அருகி வருகின்றனர். இருப்போரை அமர்த்தி, அவர்தம் குரலிலேயே வாசிக்கச் செய்து, இன்றே காணொளியாய்ப் பதிந்து வைப்போமாக. அவர்கள் தம்மைப் பற்றித் தாமே எழுதிய வரலாறு அதுவொன்றே.